நள்ளிரவில் நாமகரணம்

நமக்கு வைக்கப்பட்ட பெயரில் நமக்கு ஓட்டுரிமை கிடையாது. தாத்தா பெயரா, குலதெய்வத்தின் பெயரா, ஜோசியர் சொன்ன முதல் எழுத்தா என்று நம்மைக் கேட்காமலே தீர்மானித்து, காதில் மூன்று தடவை சொல்லி, நாக்கில் சர்க்கரைத் தண்ணீரும் தடவிவிடுகிறார்கள். அப்புறம் பள்ளிக்கூடம், ஆதார், பான் கார்டு, சம்பளப் பட்டியல் எல்லாவற்றிலும் அதேதான். கெஜட்டில் போட்டு மாற்றலாம். அப்பாவிடம் யார் சொல்வது?

அதனால்தான் ஆன்லைன் விளையாட்டு ஒரு காலிக் கட்டத்தைக் காட்டி, 'உன் பெயர் என்ன?' என்று கேட்கும்போது நம் இளைஞர்கள் ஆடிப்போகிறார்கள். வாழ்க்கையில் முதல்தடவையாக அவர்களையே கேட்கிறார்களே!

பகலில் ஆடிட் ஆபீஸில் வவுச்சர்களுக்கு டிக் அடிக்கும் என் மைத்துனன் இரண்டு நாளாக அந்தக் கட்டத்தையே முறைத்துக்கொண்டிருந்தான்.

"என்னடா பிரச்னை?"

"நல்லா இருட்டா ஒரு பேர் வேணும் அத்தான். கோதிக் ஸ்டைல்ல. கேட்டாலே எதிராளிக்குக் குலை நடுங்கணும்."

"உங்க மேனேஜர் பேரை வெச்சுக்கயேன்."

"அது எனக்கில்ல நடுங்கும்!"

கையில் ஒரு பட்டியல் வைத்திருந்தான். டார்க் ரேவன், ப்ளட் மூன், ஷேடோ ரீப்பர், டெத் நைட். எல்லாமே போயே போச்சு. உலகம் பூராவும் இருக்கிற பையன்கள் இதே நான்கு வார்த்தைகளைத்தான் மாற்றி மாற்றிக் குலுக்குகிறார்கள். பின்னால் நம்பர் சேர்த்தால் கிடைக்கும் என்றது விளையாட்டு. 'ஷேடோ ரீப்பர் 4471'. எமனுக்கு வரிசை எண் கொடுத்தால் ரேஷன் கடை டோக்கன் மாதிரி இருக்காதோ?

நான் பி.காம். எந்தக் கணக்கானாலும் ஓப்பனிங் பாலன்ஸிலிருந்து பார்த்தால்தான் எனக்குப் புரியும். 'கோதிக்' கணக்கையும் அப்படியே புரட்டினேன்.

கோத் என்பது ஒரு ஜெர்மானிய இனம். கி.பி. 410-ல் அலாரிக் என்பவன் தலைமையில் ரோமாபுரிக்குள் புகுந்து சூறையாடினார்கள். ஆயிரம் வருஷம் கழித்தும் இத்தாலிக்காரர்களுக்கு ஆத்திரம் தீரவில்லை. 16-ஆம் நூற்றாண்டில் வசாரி என்ற ஓவியர், கூர்மையான வளைவும் ஊசிக் கோபுரமுமாக இருந்த பழைய தேவாலயங்களைப் பார்த்து, 'இதெல்லாம் அந்தக் கோத் பயல்கள் கட்டின லட்சணம்' என்கிற மாதிரி எழுதிவைத்தார். கோத்துகளுக்கும் அந்தக் கட்டடங்களுக்கும் சம்பந்தமே இல்லை. ஆனாலும் வசவே பெயராக நின்றுவிட்டது. நம் சென்னை சாந்தோம் பேராலயம் 1896-ல் இன்றைய உருவத்துக்கு வந்தபோது அந்தப் பாணியில்தான் கட்டினார்கள்.

இருட்டும் பேயும் அப்புறம் வந்து ஒட்டிக்கொண்டவை. 1764-ல் ஹோரஸ் வால்போல் என்ற இங்கிலீஷ்காரர் ஒரு கோட்டைக் கதை எழுதினார். அதில் கல்யாணத்தன்று மாப்பிள்ளை மேல் ஒரு ராட்சச ஹெல்மெட் விழுந்து ஆள் நசுங்கிச் சாகிறான். (ஹெல்மெட் போடாமல் செத்தவர்கள் உண்டு. ஹெல்மெட்டாலேயே செத்தவன் இவன் ஒருவன்தான்!) வேடிக்கை என்னவென்றால், வால்போல் அந்தப் புத்தகத்தைத் தன் பெயரில் போடவில்லை. பழைய இத்தாலியக் கைப்பிரதியின் மொழிபெயர்ப்பு என்று புளுகி, வேறு பெயரில் வெளியிட்டார். நன்றாக விற்ற பிறகுதான் அடுத்த பதிப்பில் ஒப்புக்கொண்டு, 'ஒரு கோதிக் கதை' என்று தலைப்பில் சேர்த்தார். ஆக, கோதிக்கின் பிறப்பே ஒரு பொய்ப் பெயரில்தான். மைத்துனன் சரியான பாரம்பரியத்தில்தான் இருக்கிறான்.

1897-ல் பிராம் ஸ்டோக்கரின் டிராகுலா வந்தார். அவர் பெயரைத் திருப்பிப் போட்டால் 'அலுகார்ட்'. 1943-ல் ஒரு ஹாலிவுட் படம் இந்த வித்தையைச் செய்தது. 'காஸில்வேனியா' வீடியோ விளையாட்டிலும் அதே பெயரில் ஒருவர் உலவுகிறார். ரவி என்ற பெயருள்ளவர்கள் பாக்கியசாலிகள். ஆங்கில எழுத்தில் திருப்பிப் போட்டால் ஒரு வைகிங் வீரனின் பெயர் கிடைக்கும். அதையே தமிழாகப் படித்தால் 'இவர்'! பயமும் ஆச்சு, மரியாதையும் ஆச்சு.

சரி, வைப்பதற்கு முன் கவனிக்க வேண்டிய சில சமாசாரங்கள்.

பெயர் சின்னதாக இருக்கட்டும். கூட விளையாடுகிறவன் மைக்கில் உங்களைக் கூப்பிட்டாக வேண்டும். "லார்ட் ஆஃப் எடர்னல் டார்க்னஸ், பின்னாடி பாரு!" என்று அவன் முடிப்பதற்குள் உங்கள் கதை முடிந்திருக்கும்.

முள்ளுமுள்ளான அலங்கார எழுத்துகள் வேண்டாம். எங்கிருந்தோ காப்பி பண்ணி ஒட்டுகிறீர்களே, அவற்றில் பெரும்பாலானவை கணிதக்காரர்களுக்காக 2001-ல் யூனிகோடில் சேர்த்த குறியீடுகள். 'ரத்தக் காட்டேரி' என்று நீங்கள் நினைத்துக்கொண்டிருப்பது கம்ப்யூட்டருக்கு அல்ஜீப்ரா. நண்பன் சாதாரண எழுத்தில் தேடினால் அகப்படாமல் போகலாம்.

பிறந்த வருஷத்தை ஒட்டாதீர்கள். ஊர் உலகத்துக்கு ஜாதகம் எதற்கு? முக்கியமாக 88. ஆங்கிலத்தில் எட்டாவது எழுத்து எச். இரண்டு எட்டு என்றால் ஹிட்லருக்குப் போடும் சலாம் என்பது நியோ நாஜிகளின் சங்கேதம். கறுப்புப் பெயரோடு அந்த எண்ணும் சேர்ந்தால், எண்பத்தெட்டில் பிறந்த அப்பாவி அம்பத்தூர்க்காரரை ஜெர்மனியில் ஒருவன் வேறு மாதிரி நினைப்பான்.

நிதானமாக வையுங்கள். பிளேஸ்டேஷன்காரர்கள் 2006-ல் நெட்வொர்க் ஆரம்பித்து, பெயர் மாற்ற வழிவிட்டது 2019 ஏப்ரலில்தான். பதினான்கு வயதில் வைத்த பெயரோடு பல பேர் இருபத்தாறு வயது வரை குடித்தனம் பண்ணியிருக்கிறார்கள். முதல் மாற்றம் இலவசம், அப்புறம் காசு.

"நம்ம ஊர்ப் பேரா ஏதாவது வையேன்" என்றேன்.

"தமிழ்ல வெச்சா காமெடியாயிடும் அத்தான்."

எனக்குக் கோபம் வந்துவிட்டது. கலிங்கத்துப்பரணியை எழுதிய ஜெயங்கொண்டாரை விடவா வால்போல் இருட்டைக் கண்டுவிட்டார்? காளி கோயில், பசியில் புலம்பும் பேய்கள், யுத்தம் முடிந்த களத்தில் அவை கூழ் காய்ச்சி விருந்து சாப்பிடுவது... இத்தனையும் 12-ஆம் நூற்றாண்டிலேயே முடிந்த வேலை. அணங்கு, கொற்றவை, கூளி என்று பெயர்களும் ரெடி.

கூளி அவனுக்குப் பிடித்துப்போயிற்று. இரண்டே எழுத்து, கூப்பிடச் சுலபம். ஆங்கில எழுத்தில் தட்டினான். கிடைத்தது. அன்றிரவே கூட்டாளிகள் எல்லோரும் அதைக் 'கூலி' என்று படித்தார்கள். "பரவாயில்ல அத்தான், பகல்ல அதுதானே நான்" என்று சொல்லிவிட்டான்.

சிரித்துவிட்டு யோசித்தேன். இந்தப் பையன்களுக்கு இருட்டுப் பெயர் எதற்கு? பி.காம். படித்தவர்களுக்கு 1897 என்றால் டிராகுலா ஞாபகம் வராது, சாலமன் வழக்குதான் வரும். பூட்ஸ் வியாபாரி சாலமன் தன் கடையை ஒரு லிமிடெட் கம்பெனியாக மாற்றினார். கம்பெனி நொடித்தது. கடனுக்கு அவரைப் பிடித்தபோது, 'கம்பெனி வேறு ஆள், சாலமன் வேறு ஆள்' என்றது பிரிட்டனின் பிரபுக்கள் சபை. புனைபெயரும் அப்படி ஒரு லிமிடெட் கம்பெனிதான். ராத்திரி தோற்றது கூளி. காலையில் ஒன்பதரைக்குக் கார்டு தேய்த்து உள்ளே போகிறவன் யாரிடமும் தோற்கவில்லை. அப்ரைசல், பேங்க் பாலன்ஸ், கல்யாண மார்க்கெட் என்று நாள் முழுக்க அளக்கப்படுகிறவனுக்கு இது சின்ன விஷயமில்லை. ஒன்று மட்டும்: மோசடி என்றால் கோர்ட் கம்பெனியின் திரையைத் தூக்கி உள்ளே இருப்பவனைப் பார்க்கும். பெயருக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு பெண்களையும் சின்னப் பையன்களையும் திட்டினால் இங்கேயும் தூக்குவார்கள். உங்கள் மெயிலும் போன் நம்பரும் அவர்களிடம் இருக்கிறது.

இந்தக் கலையில் நமக்கெல்லாம் மூத்தவர் ஒரு பெண். பெற்றோர் வைத்த பெயர் புனிதவதி. புருஷன் விலகிப்போனபின், 'அவனுக்காகச் சுமந்த இந்த அழகு இனி எதற்கு?' என்று உதறி, பேய் வடிவம் கேட்டு வாங்கிக்கொண்டார் என்கிறது பெரியபுராணம். ஆலங்காட்டுச் சுடுகாட்டைப் பாடிய அவர் தன் பாட்டிலேயே போட்டுக்கொண்ட கையெழுத்து: 'காரைக்கால் பேய்'. யாரையும் பயமுறுத்த வைத்த பெயராக அது எனக்குத் தோன்றவில்லை. தன்னை இனி யாரும் அளவெடுக்க வேண்டாம் என்று வைத்த பெயர். உலகம் அவரை அம்மையார் என்று கும்பிடுகிறது.

ஆகவே, கட்டம் காலியாக இருக்கிறவர்கள் அவசரப்படாமல் யோசியுங்கள். ராத்திரி பதினோரு மணிக்கு மேல் முகூர்த்தம் நன்றாக இருக்கிறது. சர்க்கரைத் தண்ணீர் மட்டும் நீங்களே கலந்துகொள்ள வேண்டும்.