பெஞ்சுக்கு அடியில் குனிந்து பாருங்கள்



கொஞ்சம் நீளமான பதிவு. காபியை எடுத்து வைத்துக்கொண்டு படியுங்கள்.

சென்ற இரண்டு மாதங்களில் இரண்டு பேர் என்னிடம் ஏறக்குறைய ஒரே கேள்வியைக் கேட்டார்கள். ஒருவர் பின்லாந்தில் வேலை பார்க்கும் பழைய மாணவர். அங்கே அவர் வாங்கியிருக்கும் வீட்டில் ஒரு சானா அறை இருக்கிறது. அதிலுள்ள மரப் பெஞ்சுகள் கறுத்து, ஆட்டம் கண்டுவிட்டன. புதிதாகச் செய்ய வேண்டும். "ஊரிலிருந்து தேக்குப் பலகை வரவழைக்கலாமா சார்?" என்றார். இன்னொருவர் கோயம்புத்தூரில் வீடு கட்டிக்கொண்டிருக்கும் என் தங்கை மகள். மாடிக் குளியலறையை ஒட்டி ஒரு நீராவி அறை வருகிறது. "மாமா, நல்ல தேக்குல பெஞ்சு போட்டு பளபளன்னு பாலிஷ் பண்ணிடச் சொல்லியிருக்கேன், சரிதானே?" என்றாள்.

இருவருக்கும் தனித்தனியாகப் பதில் சொல்லிவிட்டேன். ஆனால் இந்தக் கேள்விக்குப் பின்னால் நம் எல்லோரிடமும் உள்ள ஒரு பழக்கம் இருக்கிறது. எது கண்ணில் படுகிறதோ அதற்குச் செலவு செய்வோம். எது படவில்லையோ அதில் மிச்சம் பிடிப்போம். வரவேற்பறை அலமாரிக்கு அது பரவாயில்லை. வெற்றுடம்போடு வேர்த்து உட்காரும் இடத்துக்கு அது ஆகாது. அந்தப் பெஞ்சில் மேல்பூச்சுக்குச் செலவழிக்காதீர்கள், அடிப்பக்கத்துக்குச் செலவழியுங்கள் என்பதுதான் என் கருத்து. ஏன் என்று சொல்கிறேன்.

முதலில் உறவினர்களுக்காக ஒரு விளக்கம். சளி பிடித்தால் போர்வையைப் போர்த்திக்கொண்டு வேது பிடிப்போம் அல்லவா? நீராவி அறை என்பது உடம்பு முழுவதுக்குமான வேது. வெப்பம் 40 முதல் 50 டிகிரி செல்சியஸ் வரைதான். ஆனால் காற்றில் ஈரம் நிறைந்து நிற்கும். சானா வேறு. அது மரப்பலகை அடித்த அறை. அடுப்பின் மேல் கற்களைக் காய வைத்து, அவ்வப்போது ஒரு கரண்டி நீர் ஊற்றுவார்கள். எழும் ஆவிக்குப் பின்லாந்து மொழியில் 'லோய்லு' என்று பெயர். உட்காரும் உயரத்தில் வெப்பம் சாதாரணமாக 80 டிகிரியைத் தொடும். சுமார் 55 லட்சம் பேர் வாழும் அந்த நாட்டில் ஏறத்தாழ 30 லட்சம் சானாக்கள் இருப்பதாகக் கணக்கு. 2020-இல் யுனெஸ்கோ தன் பண்பாட்டு மரபுப் பட்டியலில் அதைச் சேர்த்தது. ஆக, பெஞ்சு விஷயத்தில் நாம் கற்றுக்கொள்ள வேண்டியது அவர்களிடம்தான்.

இப்போது ஒரு கேள்வி. 80 டிகிரி நீரில் கை வைத்தால் வெந்துவிடும். 80 டிகிரி மரத்தில் எப்படி உட்கார முடிகிறது?

பத்தாம் வகுப்பில் தூங்கியவர்களுக்காக மீண்டும் சொல்கிறேன். சூடு படுவது, பொருளின் வெப்பநிலையை மட்டும் பொறுத்ததல்ல. அது எவ்வளவு வேகமாக நம் தோலுக்கு வெப்பத்தைக் கொடுக்கிறது என்பதையும் பொறுத்தது. எஃகின் வெப்பக் கடத்துத்திறன் மரத்தைப்போல ஏறத்தாழ முந்நூறு மடங்கு. உச்சி வெயிலில் பேருந்து நிறுத்தத்து இரும்பு இருக்கையில் உட்கார்ந்து துள்ளி எழுந்தவர்களுக்கு இது புரியும். மரத்துக்குள் கோடிக்கணக்கான நுண்ணறைகளில் காற்று இருக்கிறது. தோல் பட்ட இடத்தில் மரத்தின் மேற்பரப்பு சட்டென்று குளிர்ந்துவிடும். உள்ளேயிருந்து வெப்பம் மெதுவாகத்தான் வரும். அதற்குள் நம் உடம்பு பழகிவிடும்.

இதிலிருந்தே அடுத்த பாடம் வருகிறது. மரம் எவ்வளவு லேசாக இருக்கிறதோ, சானா பெஞ்சுக்கு அவ்வளவு நல்லது. பின்லாந்தில் அதற்குப் பயன்படுத்துவது ஆஸ்பென், ஆல்டர் போன்ற மிதமான, கணு குறைந்த மரங்கள். ஆப்பிரிக்காவிலிருந்து வரும் அபாச்சி இன்னும் லேசானது. விரலால் சுண்டினால் நம் ஆசாரிகள் "இது என்ன சார், தீப்பெட்டி மரம்!" என்று சிரிப்பார்கள். ஆனால் அந்த இடத்துக்கு அதுதான் ராஜா. தேக்கு கனமானது, அதனால் அதிகச் சூட்டைப் பிடித்து வைத்துக்கொள்ளும். பின்லாந்து மாணவருக்கு நான் சொன்ன பதில் இதுதான்: "தம்பி, கப்பலில் தேக்கு வரவழைத்துச் சூடு வாங்கிக்கொள்ளாதே. உன் ஊர் மரக்கடையில் கிடைப்பதை வாங்கு."

பைன் மலிவாகக் கிடைக்கும், சுவருக்குப் போடலாம். உட்காரும் பலகைக்கு ஆகாது. சூட்டில் கணுக்களிலிருந்து பிசின் கசியும். கொதிக்கும் பிசின் தொடையில் ஒட்டினால் என்ன ஆகும் என்று நான் சொல்லத் தேவையில்லை.

கோவைக் கதை வேறு. நீராவி அறையில் பிரச்சினை சூடு அல்ல, ஈரம். அங்கே தேக்கின் வைரக் கட்டை நன்றாகத் தாங்கும். அதிலுள்ள எண்ணெய்ப் பசைதான் அதைக் கப்பல் தளங்களுக்கே ஏற்ற மரமாக்கியது. வைரம் பாயாத ஓரத்து வெள்ளைப் பகுதி அப்படித் தாங்காது. அதை வெட்டிக் கழித்துவிட வேண்டும். அதைவிட, நீராவி அறைக்கு என் முதல் யோசனை இதுதான்: பெஞ்சைச் செங்கல்லில் கட்டி, நீர் வடியும்படி சற்றே சரிவு வைத்து டைல்ஸ் ஒட்டுங்கள். அதன் மேல் தேக்கு ரீப்பர்களால் ஆன ஒரு தட்டி மட்டும் வையுங்கள். குளித்து முடித்ததும் அதைத் தூக்கி வெளியே காற்றில் சாய்த்து வைக்கலாம். காயாத மரம் எந்த மரமானாலும் பூஞ்சை பிடிக்கும்.

சரி, பாலிஷ்? என் கருத்து வேறுபாடே இங்கேதான்.

வார்னிஷ், மெலமைன், பி.யு. எதுவுமே உட்காரும் பலகையில் வேண்டாம். அவை மரத்தின் மேல் ஒரு பிளாஸ்டிக் தோல் போர்த்துகின்றன. வேர்த்த உடம்பு அதில் ஒட்டும். ஈரம் பட்டால் வழுக்கும். வெப்பத்திலும் ஈரத்திலும் மரம் விரிந்து சுருங்கும்போது அந்தத் தோல் வெடித்து உரியும். வெடிப்பு வழியே உள்ளே போன நீர் வெளியே வர வழியில்லாமல் மரத்தை உள்ளிருந்தே அழுக வைக்கும். சூட்டில் கிளம்பும் ரசாயன வாடையை, மூடிய அறையில் வாயைத் திறந்து மூச்சு வாங்கிக்கொண்டிருப்பவர் உள்ளே இழுப்பார். பிளைவுட், எம்.டி.எஃப். பலகைகளும் வேண்டாம். அவற்றின் பசையிலிருந்து பொதுவாக ஃபார்மால்டிஹைடு வரும். சூடும் ஈரமும் கூடினால் அது அதிகமாக வரும். அது புற்றுநோய் தரும் பொருள் என்று பன்னாட்டுப் புற்றுநோய் ஆய்வு நிறுவனம் 2004-இலேயே வகைப்படுத்திவிட்டது. பூச்சி மருந்து ஏற்றிய மரத்தையும் அந்த அறைக்குள் கொண்டு போகாதீர்கள்.

"பாலிஷ் இல்லாவிட்டால் கறை படியுமே சார்?" படியும். அதற்குத்தான் துண்டு விரித்து உட்கார வேண்டும். வாரம் ஒரு முறை வெந்நீரில் தேய்த்துக் கழுவ வேண்டும். வருடத்துக்கு ஒரு முறை உப்புத்தாள் போட்டால் பலகை மீண்டும் புதிதாகிவிடும். பூச்சு பூசிய மரத்தில் அது முடியாது. ஏதாவது தடவியே ஆக வேண்டும் என்றால், சானாவுக்கென்றே விற்கும் பாரஃபின் எண்ணெய் போதும்.

இனி, நான் சொன்ன அடிப்பக்கத்துக்கு வருவோம்.

பெஞ்சு தயாரானதும் அதன் மேல் கையைத் தடவிப் பார்த்து "சூப்பர்" என்று சொல்லிவிடாதீர்கள். குனிந்து அடியில் பாருங்கள். நான்கு விஷயங்கள் அங்கேதான் தெரியும்.

முதலாவது, ஸ்குரூ. எல்லாம் கீழிருந்து மேலாக முடுக்கப்பட்டிருக்க வேண்டும். மேலே ஓர் ஆணித் தலைகூடத் தெரியக் கூடாது. 80 டிகிரியில் மரம் சுடாது என்றேனே, ஆணித் தலை சுடும். ஸ்குரூ துருப்பிடிக்காத எஃகாக இருக்கட்டும். விலை வித்தியாசம் ஒரு வேளை ஓட்டல் சாப்பாட்டுக் காசுகூட வராது.

இரண்டாவது, இடைவெளி. பலகைக்கும் பலகைக்கும் நடுவே 5 முதல் 10 மில்லிமீட்டர் விட வேண்டும். மரம் நீளவாக்கில் அதிகம் மாறாது. அகலவாக்கில்தான் ஊதும், சுருங்கும். நெருக்கி அடித்தால் ஒன்றையொன்று தள்ளி வளைந்துவிடும். இடைவெளி இருந்தால் வேர்வை வடியும், காற்று ஏறி இறங்கும். அதற்காக 20 மில்லிமீட்டர் விட்டுவிடாதீர்கள். குழந்தையின் விரல் மாட்டும்.

மூன்றாவது, தாங்கு சட்டம். மேல்நிலை இயற்பியல் செய்முறையில் கத்தி முனைகள் மேல் மீட்டர் அளவுகோலை வைத்து, நடுவில் எடை தொங்கவிட்டு, ஊசி நுனியை நுண்ணோக்கியில் பார்த்தீர்களே, நினைவிருக்கிறதா? "இது எதுக்கு சார் வாழ்க்கைல?" என்று கேட்டவர்களுக்கு இதோ விடை. வளைவு, தாங்கிகளுக்கு இடையேயான தூரத்தின் மும்மடிக்கு நேர்த்தகவு. 60 சென்டிமீட்டருக்கு ஒரு சட்டம் கொடுப்பதற்குப் பதில் 120 சென்டிமீட்டருக்கு ஒன்று கொடுத்தால், அதே ஆள் உட்கார்ந்தால் எட்டு மடங்கு வளையும். தடிமனுக்கோ மும்மடி எதிர்த்தகவு: 28 மில்லிமீட்டர் பலகைக்குப் பதில் 20 மில்லிமீட்டர் போட்டால் வளைவு இரண்டரை மடங்குக்கும் மேல். லேசான மரம் என்பதால் இது இன்னும் முக்கியம். ஒரு சட்டத்தை மிச்சம் பிடிப்பவர் அதை எங்கே மிச்சம் பிடிக்கிறார் என்று இப்போது தெரிகிறதல்லவா?

நான்காவது, கால். சாக்பீஸின் ஒரு முனையை மையில் தொட்டால் மை மேலே ஏறும். மரக்காலின் வெட்டு முகமும் அப்படித்தான் தரையிலுள்ள நீரை உறிஞ்சும். அழுகல் பெரும்பாலும் அங்கிருந்துதான் தொடங்கும். காலுக்கு அடியில் ரப்பர் குமிழ் வையுங்கள். முடிந்தால் பெஞ்சைச் சுவரிலுள்ள சட்டங்களில் தாங்கும்படி செய்துவிடுங்கள். தரையைத் துடைப்பதும் எளிது. எப்படிச் செய்தாலும், தூக்கி எடுத்துக் கழுவ முடியாத பெஞ்சு வேண்டாம்.

உயரத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. சூடான காற்று மேலே போகும். தரைக்கும் கூரைக்கும் வெப்பம் வெகுவாக வேறுபடும். ஆகவே மேல் பெஞ்சில் உட்காருபவரின் பாதம் அடுப்புக் கற்களின் மட்டத்துக்கு மேலே இருக்க வேண்டும் என்பது பின்லாந்துக்காரர்களின் கணக்கு. மேல் பெஞ்சுக்கும் கூரைக்கும் நடுவே 110 முதல் 120 சென்டிமீட்டர் விடுவார்கள். ஆனால் நம் வீட்டில் அம்மா அப்பாவும் உட்காருவார்கள் என்றால், கீழே அகலமான இன்னொரு பெஞ்சும் அவசியம். வெப்பத்தில் ரத்த நாளங்கள் விரியும்; சட்டென்று எழுந்தால் தலை சுற்றும். அப்போது வயதானவரின் கை முதலில் தேடுவது பெஞ்சின் விளிம்பை. அது ஆடக் கூடாது, வழுக்கக் கூடாது, கூர்மையாக இருக்கவும் கூடாது. பக்கத்தில் ஒரு மரக் கைப்பிடி இருக்கட்டும். கதவு வெளிப்பக்கம் திறக்கட்டும், தாழ்ப்பாள் வேண்டாம். இதய நோய் உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்ட பிறகே உள்ளே போக வேண்டும்.

"ஒரு பெஞ்சுக்கு இவ்வளவு பாடமா சார்?" என்று சிலர் நினைப்பீர்கள். வீட்டில் வெறும் தோல் நேராக மரத்தில் படும் இடம் வேறு எது, சொல்லுங்கள். சோபாவுக்குத் துணி இருக்கிறது, கட்டிலுக்கு மெத்தை இருக்கிறது. இங்கே மரமும் உடம்பும் மட்டும்தான்.

இன்னொன்று. "பாலிஷ் வேண்டாம்" என்று சொன்னால், நாம் காசு மிச்சம் பிடிக்கிறோம் என்று ஆசாரி நினைப்பார். அந்தப் பாலிஷ் காசை அப்படியே அவர் கூலியில் சேர்த்துக் கொடுங்கள். விளிம்புகளை உருட்டவும், சிலாம்பு இல்லாமல் இழைக்கவும், ஒவ்வொரு ஸ்குரூவுக்கும் முன்கூட்டியே துளை போடவும் அவருக்கு ஒரு நாள் கூடுதலாக வேண்டும். ஏன் இப்படிக் கேட்கிறோம் என்பதையும் சொல்லுங்கள். காரணம் சொன்னால் நம் ஊர்த் தச்சர்கள் நம்மைவிட நன்றாக யோசிப்பார்கள். டின்னில் இருக்கும் பூச்சுக்குக் கொடுக்கும் பணத்தைவிட, அவருடைய ஒரு நாள் உழைப்புக்குக் கொடுக்கும் பணம் அந்தப் பெஞ்சில் அதிக நாள் நிற்கும்.

மரவேலையும் கட்டட வேலையும் தெரிந்த மாணவர்கள் பலர் இங்கே இருக்கிறீர்கள். மாற்றுக் கருத்து இருந்தால் கட்டாயம் கீழே எழுதுங்கள். இத்தனை வருடம் உங்கள் விடைத்தாளில் நான் சிவப்பு மை போட்டேன்; இது உங்கள் முறை.

அன்புடன்,
உங்கள் இயற்பியல் ஆசிரியர்