'அமைதி வழி' என்னும் தொடர் குறித்து

இரண்டு வாரங்களுக்கு முன் எங்கள் வளாக வாயிலில், கட்டண உயர்வை எதிர்த்து மாணவர்கள் அமர்ந்திருந்தனர். அவ்வழியே வந்த பேராசிரியர் ஒருவர், காந்தியும் மார்ட்டின் லூதர் கிங்கும் காட்டிய அமைதி வழியை நினைவில் கொண்டு வகுப்புக்குத் திரும்புமாறு அறிவுரை கூறினார். அவர் பேசியது ஆங்கிலத்தில். தமிழிலும் நாம் இப்படித்தான் எழுதிவருகிறோம்: 'அமைதியான முறையில் போராட்டம் நடைபெற்றது.' அதாவது, எவருக்கும் இடையூறு நேரவில்லை.

ஒரு சொல்லே சிந்தனையை வடிவமைத்துவிடும் என்று மொழியியல் படித்த எவரும் எளிதில் சொல்லிவிட மாட்டார்கள், நானும் சொல்லவில்லை. ஆயினும் போராடியவர்களே பெயரில் கவனமாக இருந்தார்கள் என்பதை மறுக்க இயலாது. தென்னாப்பிரிக்கப் போராட்டத்திற்கு வழங்கிய 'பாசிவ் ரெசிஸ்டன்ஸ்' என்ற பெயர் காந்திக்கு உவப்பாக இல்லை. 'இந்தியன் ஒப்பீனியன்' இதழ் வழியே மாற்றுப் பெயர் கேட்டார். மகன்லால் காந்தி அனுப்பிய 'சதாக்கிரகம்' என்பதையே 'சத்தியாக்கிரகம்' எனத் திருத்திக்கொண்டார். 1963இல் பர்மிங்காமில் கிங்கும் தோழர்களும் வகுத்த திட்டத்தின் பெயர் 'புராஜெக்ட் சி'. அந்த 'சி' மோதலைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லின் முதலெழுத்து. அமைதிக்கு அங்கே இடமில்லை. நகரின் வணிகத்தை முடக்குவதும் சிறைகளை நிரப்புவதுமே நோக்கம்.

இந்த மரபில் நாம் மறந்துவிட்ட பெயர் ஜேம்ஸ் லாசன். கொரியப் போருக்கான கட்டாய ராணுவப் பதிவை மறுத்துச் சிறை சென்றவர். 1953இல் நாக்பூருக்கு வந்து ஹிஸ்லாப் கல்லூரியில் பணியாற்றியபடி சத்தியாக்கிரகத்தைக் கற்றார். மாண்ட்கோமரி பேருந்துப் புறக்கணிப்பைப் பற்றி அவர் அறிந்ததும் நாக்பூரில், ஒரு செய்தித்தாளில்தான். 1956இல் நாடு திரும்பினார். கிங்கின் வற்புறுத்தலால் அமெரிக்கத் தெற்கிற்குச் சென்று, 1959இல் நாஷ்வில் நகரில் மாணவர்களுக்குப் பயிலரங்குகள் நடத்தினார்.

அப்பயிலரங்குகளில் நிகழ்ந்தது சொற்பொழிவு அன்று. மாணவர்களில் சிலர் வெள்ளை இனவெறியராக நடித்து மற்றவர்களை வசைபாடினர், தள்ளினர், முகத்தில் புகை ஊதினர். மற்றவர்கள் திருப்பி அடிக்காமல் இருக்கவும், விழும்போது தலையைக் காக்கவும் பழகினர். மாதக்கணக்கில் பழகினர். டயான் நாஷ், ஜான் லூயிஸ் போன்றோர் உருவானது அங்கேதான். 1960 பிப்ரவரியில் உணவகங்களில் சென்று அமர்ந்தபோது அடி விழுந்தது. அடிபட்டவர்களே கைது செய்யப்பட்டனர். லாசனை வேண்டர்பில்ட் பல்கலைக்கழகம் நீக்கியது. (பல்கலைக்கழகங்களின் இயல்பு கண்டம் தாண்டியும் மாறுவதில்லை போலும்.) ஏப்ரலில் மாணவர்களின் வழக்கறிஞர் வீட்டில் குண்டு வெடித்தது. அன்றே ஊர்வலமாகச் சென்றவர்கள் நகரமன்ற வாயிலில் மேயரைச் சந்தித்தனர். நிறத்தைக் காட்டி உணவு மறுப்பது சரியா என்று நாஷ் நேருக்கு நேர் கேட்க, தவறுதான் என்று அவர் ஒப்புக்கொள்ள நேர்ந்தது. மே மாதம் அந்நகர உணவகங்கள் சில திறந்துவிடப்பட்டன.

இன்று அனைவரும் போற்றும் கிங்கைப் பற்றி, 1966இல் கேலப் கருத்துக்கணிப்பில் 63 விழுக்காடு அமெரிக்கர்கள் எதிர்மறையான கருத்தே தெரிவித்தனர். பேராசிரியர் நினைவூட்டிய கிங் அதற்குப் பின்னர் உருவாக்கப்பட்டவர்.

குறை பேராசிரியருடையது மட்டும் அன்று. வாயிலில் நாங்கள் ஒட்டியிருந்த சுவரொட்டியிலும் கிங்கின் படம் இருந்தது. காவலர்கள் வந்தபோது யார் பேசுவது, யார் எழக்கூடாது என்று எங்களுள் எவருக்கும் தெரியவில்லை; அரை மணி நேரத்தில் கலைந்துவிட்டோம்.

நாஷ்வில் மாணவர்கள் கையில் ஒரு விதித்தாள் வைத்திருந்தனர்: திருப்பி அடிக்காதே, நிமிர்ந்து அமர், தலைவர் சொல்லும்வரை இருக்கையை விட்டு எழாதே என்று செல்லும் சிறு பட்டியல். அதைத் தமிழாக்கத் தொடங்கியிருக்கிறேன். 'அறப்போராட்டம்' என்ற சொல்லில் போர் எஞ்சியிருப்பதால் தலைப்புக்கு அதையே இப்போதைக்கு வைத்திருக்கிறேன். வேறு சொல் தோன்றும் நண்பர்கள் எழுதுங்கள்.