புலிகேசியை வைத்து யாரைச் சிரிக்கிறோம்?

 

'இம்சை அரசன் 23ஆம் புலிகேசி' 2006இல் வந்த படம். இன்று எங்கள் வகுப்புகளில் இருக்கும் பிள்ளைகள் அப்போது பிறக்கவே இல்லை. முழுப்படம் பார்த்தவர்களும் குறைவு. ஆனால் வடிவேலுவின் அந்த மீசையும் கிரீடமும் எல்லோருக்கும் தெரியும். 2010இல் வந்த 'தமிழ் படம்' கதையும் இதுதான். தியேட்டரை விட்டுப் போன கேலிப்படங்கள் முகநூலிலும் வாட்ஸ்அப் குரூப்களிலும் மீம்ஸாக ஓடிக்கொண்டிருக்கின்றன.

சிரிப்பதில் தப்பில்லை. யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்பதுதான் கேள்வி.

சிம்புதேவன் தன் படத்தில் கேலி செய்தது ராஜாவை. வெள்ளைக்காரனுக்கு அடங்கிக் கிடந்துகொண்டு, பலசாலி உடம்பில் தன் முகத்தை வைத்துப் படம் வரையச் சொல்லும் ராஜா அவன். சி.எஸ். அமுதன் கேலி செய்தது சினிமா ஹீரோக்களின் பந்தாவை. இரண்டிலும் அடி விழுந்தது மேலே இருப்பவர்களுக்கு.

நம் பக்கமும் அதற்கு இடமிருக்கிறது. நாட்சம்பளம் 1,000 ரூபாய் என்ற பேச்சு வருடக்கணக்கில் இழுபட்டு, 2021இல்தான் சம்பள நிர்ணய சபை ஊடாக வந்தது. அந்த இழுத்தடிப்பைப் புலிகேசியை வைத்துக் கிண்டல் செய்தால் அதில் நியாயம் உண்டு.

ஆனால் அதே படத்தில் 'தோட்டக்காட்டான்' என்று எழுதிப் பரப்புகிறவர்களும் இருக்கிறார்கள். கொழுந்துக் கூடை, லயம், நம்முடைய பேச்சு எல்லாம் அங்கே நகைச்சுவை. அதை நம் பிள்ளைகளே ஸ்டேட்டஸில் போடுகிறார்கள். பிறகு கொழும்புக்கு வேலைக்குப் போனால் ஊர் எது என்று சொல்லக் கூசுகிறார்கள். கூடை சுமந்து படிக்கவைத்த அம்மாவை மறைக்கப் பார்க்கிறார்கள்.

முஸ்லிம்களான எங்களுக்கும் இது புதிதல்ல. 2019 ஏப்ரலுக்குப் பிறகு தொப்பியும் அபாயாவும் கேலிப்படமானபோது பட்ட வேதனை இன்னும் மறக்கவில்லை. ஒரு கூட்டம் இன்னொரு கூட்டத்தை ஏளனம் செய்யக் கூடாது, அவர்கள் இவர்களைவிட மேலானவர்களாக இருக்கலாம் என்று குர்ஆனின் ஹுஜுராத் அத்தியாயம் சொல்கிறது. அது எல்லோருக்கும் பொருந்தும்.

பெற்றோரே, போனைப் பறிக்க வேண்டாம். பிள்ளையோடு உட்கார்ந்து அந்தப் படங்களை முழுசாகப் பாருங்கள். சிரியுங்கள். புலிகேசி யாரைக் கேலி செய்தது என்று கேளுங்கள். குரூப் அட்மின்களே, உழைக்கிறவர்களை இழிவுபடுத்தும் மீம் வந்தால் உடனே அழியுங்கள். போட்டவரிடம் காரணத்தையும் சொல்லுங்கள்.