கதவு திறந்தது, அத்தை உள்ளே போகவில்லை!

இரண்டாம் உலகப்போர் நடந்துகொண்டிருந்த நேரம். அமெரிக்காவில், கலிபோர்னியா மாநிலத்தில், வெஸ்ட்மின்ஸ்டர் என்று ஒரு சிற்றூர்.

சொலிடாட் என்ற பெண்மணி, பிள்ளைகளைச் சேர்ப்பதற்காக அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்துக்குப் போனார். அவருடன் அவருடைய குழந்தைகளும், உடன்பிறந்தவரான கொன்சாலோ மெண்டசின் மூன்று குழந்தைகளும் போனார்கள்.

பள்ளிக்கூடத்தார் குழந்தைகளின் முகத்தைப் பார்த்தார்கள். சொலிடாடின் குழந்தைகள் நல்ல சிவப்பு. குடும்பப் பெயரும் பிரெஞ்சுப் பெயர்போல் இருந்தது. அவர்களுக்கு இடம் கிடைத்தது. மெண்டஸ் குழந்தைகளோ மாநிறம். அவர்கள் மெக்சிக்கர்களுக்கென்று இருந்த வேறு பள்ளிக்குப் போகவேண்டும் என்று சொல்லிவிட்டார்கள்.

ஒரே குடும்பம், ஒரே ரத்தம். தோலின் நிறம் மட்டும் வேறு!

அத்தை என்ன செய்தார்? "என் பிள்ளைகளுக்கு இடம் கிடைத்தது, அதுபோதும்" என்று இருந்தாரா? இல்லை. எல்லாக் குழந்தைகளையும் கையோடு அழைத்துக்கொண்டு வீடு திரும்பிவிட்டார்.

பின்னால் நடந்த பெரிய வழக்குக்கு இதுவே விதை. வழக்கைப் பற்றிப் பேசுகிறவர்கள் நீதிபதியைப் புகழ்வார்கள், வக்கீலைப் புகழ்வார்கள். நாம் முதலில் புகழவேண்டியது அந்த அத்தையைத்தான்.

யார் இந்த மக்கள்?

மெக்சிகோ, கியூபா, போர்ட்டோரிக்கோ, மத்திய அமெரிக்கா, தென் அமெரிக்கா ஆகிய இடங்களைப் பூர்வீகமாகக் கொண்டு, அமெரிக்காவில் வாழ்கிறவர்களை "லத்தீனோக்கள்" என்கிறார்கள். பிழைப்புத் தேடி வந்தவர்கள் பலர். ஆனால் எல்லோரும் வந்தேறிகள் அல்லர். 1848-ல் போரில் தோற்ற மெக்சிகோ, தன் நாட்டின் பெரும்பகுதியை அமெரிக்காவுக்குக் கொடுத்தது. கலிபோர்னியாவும் அதில் ஒன்று. அங்கே குடியிருந்தவர்கள் இருந்த இடத்தை விட்டு நகரவில்லை. எல்லைதான் நகர்ந்தது!

இவர்களுடைய முன்னோர்கள் யார்? அந்த மண்ணின் பழங்குடிகள், ஸ்பெயினிலிருந்து வந்தவர்கள், அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட ஆப்பிரிக்கர்கள். ஆகையால் ஒரே வீட்டில் வெள்ளைப் பிள்ளையும் உண்டு. கறுப்புப் பிள்ளையும் உண்டு.

இவர்களை எந்த இனத்தில் எழுதுவது என்று அமெரிக்க சர்க்காருக்கே குழப்பம். 1930-ம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கில் "மெக்சிக்கர்" என்று தனி இனமாக எழுதினார்கள். எதிர்ப்பு வந்தது. 1940-ல் திரும்பவும் வெள்ளையரோடு சேர்த்துவிட்டார்கள். 2020-ம் ஆண்டுக் கணக்கின்படி லத்தீனோக்கள் 6 கோடியே 20 லட்சம் பேர். அமெரிக்க மக்களில் நூற்றுக்கு ஏறக்குறைய 19 பேர்!

கோர்ட்டுப் படி ஏறினார்

கொன்சாலோ மெண்டஸ் மெக்சிகோவில் பிறந்தவர். அவருடைய மனைவி பெலிசிட்டாஸ், போர்ட்டோரிக்கோவில் பிறந்தவர். இருவரும் ஒரு பண்ணையைக் குத்தகைக்கு எடுத்து விவசாயம் செய்தார்கள். அந்தப் பண்ணை ஒரு ஜப்பானிய வம்சக் குடும்பத்துக்குச் சொந்தம். அவர்கள் எங்கே? முள்வேலி போட்ட முகாமில்! போர்க்காலத்தில் ஜப்பானிய வம்சத்தார் ஏறக்குறைய 1 லட்சத்து 20 ஆயிரம் பேரை அமெரிக்கா அப்படி அடைத்து வைத்திருந்தது.

மெண்டஸ் குழந்தைகள் போகவேண்டியிருந்த பள்ளி, மாட்டுப் பண்ணைக்குப் பக்கத்தில் இருந்த மரக் கொட்டகை. ஈ மொய்க்கும். வெள்ளைக் குழந்தைகளின் பள்ளியிலோ அழகான விளையாட்டு மைதானம் இருந்தது.

கொன்சாலோ விடவில்லை. வக்கீல் டேவிட் மார்க்கசை அமர்த்தினார். ஊர் ஊராகப் போய், இதே குறை உள்ள பெற்றோர்களைத் திரட்டினார். அதுவரை வயலையும் ஆட்களையும் பெலிசிட்டாஸ் கவனித்துக்கொண்டார். 1945 மார்ச்சு மாதம் ஐந்து குடும்பங்கள் நான்கு பள்ளி வட்டாரங்களின்மேல் வழக்குத் தொடர்ந்தன. 5 ஆயிரம் குழந்தைகளுக்காக நடந்த வழக்கு அது.

மெக்சிக்கக் குழந்தைகளுக்குச் சுத்தம் போதாது, அறிவும் குறைவு என்று ஒரு கல்வி அதிகாரி சாட்சிக் கூண்டிலேயே சொன்னார்! குழந்தைகளுக்கு ஆங்கிலம் தெரியாது, அதனால்தான் பிரித்தோம் என்றும் வாதாடினார்கள். ஆனால் ஆங்கிலம் தெரியுமா என்று பள்ளியில் முறையாகச் சோதித்துப் பார்த்தார்களா? இல்லை. நிறத்தையும் பெயரையும் பார்த்தார்கள்.

நீதிபதி பால் மெக்கார்மிக் 1946 பிப்ரவரியில் குழந்தைகளின் பக்கம் தீர்ப்பளித்தார். 1947 ஏப்ரலில் அப்பீல் கோர்ட்டும் அதை உறுதி செய்தது.

வெற்றியில் ஒரு முள்

இங்கேதான் ஒரு சங்கடம். "மெக்சிக்கர்களும் சட்டப்படி வெள்ளையரே. ஆகையால் இது இனப் பாகுபாட்டு வழக்கு அல்ல" என்று இரு தரப்பும் ஒப்புக்கொண்டே வழக்கு நடந்தது.

அன்று கலிபோர்னியாச் சட்டம், பழங்குடி, சீன, ஜப்பானியக் குழந்தைகளுக்குத் தனிப் பள்ளி வைக்க அனுமதித்தது. அந்தப் பட்டியலில் மெக்சிக்கர் பெயர் இல்லை. அப்பீல் கோர்ட்டு இதையே பிடித்துக்கொண்டது. அப்படியானால் பட்டியலில் இருந்த குழந்தைகளின் கதி என்ன? மெண்டசுக்கு நிலம் கொடுத்த குடும்பமே அந்தப் பட்டியலில் அடங்கியதுதானே!

வக்கீலைக் குறை சொல்லமுடியாது. இனவாரியாகப் பிரிப்பது செல்லும் என்று சுப்ரீம் கோர்ட்டு 1896-லேயே சொல்லியிருந்தது. கிடைத்த ஆயுதத்தை அவர் எடுத்தார். ஆனால் அது இருபுறமும் வெட்டும் கத்தி.

டெக்சாஸ் மாநிலத்தைப் பாருங்கள். அங்கே பீட் எர்னாண்டஸ் என்ற தொழிலாளி மீது கொலை வழக்கு. அந்த வட்டாரத்தில் நூற்றுக்கு 14 பேர் மெக்சிக்க வம்சத்தார். ஆனாலும் 25 ஆண்டுகளாக அவர்களில் ஒருவர்கூட ஜூரியாக உட்கார்ந்ததில்லை. கேட்டதற்கு, "நீங்களும் வெள்ளையர், ஜூரிகளும் வெள்ளையர். பிறகு என்ன குறை?" என்ற பாணியில் பதில் வந்தது. அதே கோர்ட்டு வளாகத்தில் ஒரு கழிப்பறையின் மேல் "கறுப்பர்" என்றும், ஸ்பானிய மொழியில் "ஆண்கள் இங்கே" என்றும் எழுதியிருந்தது! ஜூரியில் இடம் கேட்டால் வெள்ளையர். கழிப்பறைக்குப் போனால் வேறு இனம்.

1954 மே 3-ந் தேதி சுப்ரீம் கோர்ட்டு இதற்கு முடிவு கட்டியது. வெள்ளையர், கறுப்பர் என்ற இரண்டோடு சட்டத்தின் பாதுகாப்பு நின்றுவிடாது என்றது. இரண்டு வாரம் கழித்து, அமெரிக்கப் பள்ளிகளில் இனவாரியாகப் பிரிப்பதே செல்லாது என்று தீர்ப்பு வந்தது. அதை எழுதிய தலைமை நீதிபதி ஏர்ல் வாரன், 1947-ல் கலிபோர்னியாவின் கவர்னர். அந்தப் பழைய பட்டியலை ஒழிக்கும் சட்டத்தில் கையெழுத்துப் போட்டவர் அவரே. மெண்டஸ் வழக்கில் பெற்றோர்களுக்கு ஆதரவாக மனுக் கொடுத்தவர்களில் கறுப்பின மக்களின் வக்கீல் தர்குட் மார்ஷலும் ஒருவர்.

ஆகவே நியாயம் முழுமை பெற்றது, "நாங்களும் வெள்ளையரே" என்ற வாதத்தால் அல்ல. "யாரையும் நிறம் பார்த்து ஒதுக்காதே" என்று எல்லோரும் சேர்ந்து கேட்டதால்தான்.

இன்னும் தீரவில்லை

மெண்டசின் மகள் சில்வியாவுக்கு அப்போது எட்டு வயது. அந்த நல்ல மைதானத்துக்காகத்தான் அப்பாவும் அம்மாவும் வழக்காடுகிறார்கள் என்று நினைத்தாள். வெள்ளையர் பள்ளியில் சேர்ந்தபோது, உனக்கு இங்கே என்ன வேலை என்று ஒரு பையன் கேட்டான். அழுதுகொண்டே வீட்டுக்கு வந்தாள். மைதானத்துக்காக அல்ல, நீ எல்லோருக்கும் சமம் என்பதற்காகவே போராடினோம் என்று தாய் விளக்கினார். சில்வியா வளர்ந்து நர்சு ஆனார். ஊர் ஊராகப் போய்ப் பிள்ளைகளிடம் இந்தக் கதையைச் சொன்னார். 2011-ல் ஜனாதிபதி ஒபாமா அவருக்குச் சுதந்திரப் பதக்கம் வழங்கினார்.

இன்று சட்டம் பிரிக்கவில்லை. ஆனால் வருமானமும் வீட்டு வாடகையும் பிரிக்கின்றன. லத்தீனோக் குழந்தைகளே நிறைந்த பள்ளிகள் கலிபோர்னியாவில் இன்றும் பல உண்டு. லத்தீனோக்களுக்குள்ளேயே சிவப்பு நிறத்துக்கு ஒரு மதிப்பு, கறுப்பு நிறத்துக்கு ஒரு மதிப்பு என்ற வழக்கமும் போகவில்லை.

ஒதுக்கி வைக்கிறவர்கள் எப்போதும் ஒரு தந்திரம் செய்வார்கள். கூட்டத்தில் நாலு பேருக்கு மட்டும் கதவைத் திறப்பார்கள். அந்த நாலு பேர் உள்ளே போய்விட்டால், மற்றவர்களின் குரல் அடங்கிவிடும்.

அன்று திறந்த கதவுக்கு முன்னால் நின்ற சொலிடாட் அத்தை, சட்டம் படித்தவர் அல்லர். ஆனால் நியாயம் என்பது தனக்கு மட்டும் கிடைத்தால் அது நியாயம் அல்ல, சலுகை என்று அவருக்குத் தெரிந்திருந்தது.