கண்டதைச் சொன்னவருக்குக் காவல் யார்?

சோமனூரில் இரவிலும் தறி ஓடும்.

வேலை முடிந்து ஒரு தறித் தொழிலாளி வீட்டுக்குப் போகிறார் என்று வைத்துக்கொள்வோம். சந்து முனையில் ஒருவனை 4 பேர் வெட்டுகிறார்கள். அதை அவர் பார்த்துவிடுகிறார்.

மறுநாள் போலீசார் விசாரிக்கிறார்கள். அவர் உண்மையைச் சொல்கிறார். அன்று மாலையே முன்பின் தெரியாத 2 பேர் வாசலில் வந்து நிற்கிறார்கள்.

"ஏனுங்கண்ணா, பிள்ளைக எந்தப் பள்ளிக்கூடமுங்க?" என்று கேட்கிறார்கள். அவ்வளவுதான்!

"நமக்கு எதுக்குங்க இந்த வம்பு? பார்க்கலைன்னு சொல்லிப்போடுங்க" என்று மனைவி அழுகிறாள்.

அவளைக் குறை சொல்ல முடியுமா? முடியாது. ஆனால், அவர் வாயை மூடினால் கொலைகாரன் தப்பி விடுவான். அப்படியானால் என்ன வழி?

சுப்ரீம் கோர்ட்டு உத்தரவு

வழி இருக்கிறது. சாமியார் ஆசாராம் மீதான பாலியல் வழக்குகளில் சாட்சிகள் தாக்கப்பட்டார்கள். சிலர் கொல்லப்பட்டார்கள். பாதுகாப்புக் கேட்டு சுப்ரீம் கோர்ட்டில் மனு போடப்பட்டது. 2018-ம் ஆண்டு டிசம்பர் 5-ந் தேதி, சாட்சிகள் பாதுகாப்புத் திட்டத்தை எல்லா மாநிலங்களும் பின்பற்ற வேண்டும் என்று கோர்ட்டு உத்தரவிட்டது.

வழக்கு கோர்ட்டுக்கு வரும்வரை காத்திருக்க வேண்டாம். போலீஸ் விசாரணை நடக்கும்போதே மனு கொடுக்கலாம். சாட்சி கொடுக்கலாம், அவர் குடும்பத்தார் கொடுக்கலாம், வக்கீலும் கொடுக்கலாம்.

மாவட்ட செசன்சு நீதிபதி தலைமையில் உள்ள குழு மனுவைப் பார்க்கும். ஆபத்து எவ்வளவு என்று துணை போலீஸ் சூப்பிரண்டு 5 வேலை நாளில் அறிக்கை தரவேண்டும். அவசரமானால் அதற்கு முன்பே காவல் போட உத்தரவிடலாம்.

வீட்டுப் பக்கம் போலீசார் ரோந்து வருவார்கள். கோர்ட்டுக்குக் கூட்டிப்போய்க் கொண்டுவந்து விடுவார்கள். தேவையானால் வீட்டில் கேமரா வைப்பார்கள். சில நாள் வேறு இடத்தில் தங்க வைப்பார்கள்.

7 ஆண்டு ஆனதே!

இதெல்லாம் நல்ல திட்டம்தான். ஆனால் ஒரு தடவைக்கு 3 மாதத்துக்குமேல் பாதுகாப்பு இல்லை. கொலை வழக்கு 3 மாதத்தில் முடிகிறதா?

கொங்கு நாட்டையே உலுக்கிய கோகுல்ராஜ் வழக்கைப் பாருங்கள். 2015 ஜூனில் கொலை நடந்தது. நாமக்கல்லில் நடந்த வழக்கு, தாயாரின் மனுவால் மதுரைக்கு மாற்றப்பட்டது. 2022 மார்ச்சில்தான் 10 பேருக்குத் தண்டனை கிடைத்தது. இதற்கிடையே முக்கிய சாட்சி ஒருவர் முன்பு சொன்னதை மாற்றிச் சொன்னார். திருச்செங்கோடு கோவில் கேமராவில் பதிந்த படம்தான் கைகொடுத்தது.

கேமராவுக்குப் பிள்ளைகுட்டி இல்லை, மிரட்ட முடியாது. மனிதனுக்கு உண்டே!

ஆகவே, 3 மாதம் முடிந்ததும் காவலைத் தானாக எடுத்துவிடக் கூடாது. ஆபத்து நீங்கியதா என்று சாட்சியைக் கேட்ட பிறகே எடுக்கவேண்டும்.

முதலில் சொல்லுங்கள்

இப்படி ஒரு திட்டம் இருப்பதை விசாரணை அதிகாரியே சாட்சிக்குச் சொல்லவேண்டும் என்றும் திட்டத்தில் இருக்கிறது. சொல்லாவிட்டால் அது ஏட்டுச் சுரைக்காய்தான்! ஒவ்வொரு போலீஸ் நிலையத்திலும் நல்ல தமிழில், பெரிய எழுத்தில் இதை எழுதி வைக்கவேண்டும்.

"ஆளுக்கொரு போலீசுக்கு எங்கே போவது?" என்று சிலர் கேட்கலாம். எல்லோருக்கும் துப்பாக்கிப் போலீஸ் தேவையில்லை. பலருக்கு இரவு ரோந்தே தைரியம் தரும். பொய் சொல்லிக் காவல் வாங்கியவரிடம் செலவை வசூலிக்கவும் திட்டத்தில் இடம் இருக்கிறது.

பாவில் ஓர் இழை அறுந்தால் தறிக்காரர் உடனே தறியை நிறுத்தி முடிச்சுப் போடுகிறார். பிறகு பார்க்கலாம் என்று விட்டால் துணி கெட்டுவிடும்.

சாட்சியும் அந்த இழைதான். அறுவதற்கு முன்பே காக்கவேண்டும்!