பட்டதாரிக்கு இன்னொரு ஓட்டு!
கோர்ட்டுக்குப் போகும் 'செனட்' தேர்தல்கள்

தாம்பரத்தில் இருந்து கடற்கரைக்குப் போகும் மின்சார ரெயிலில் காலை நேரத்தில் ஏறிப் பாருங்கள். எதிரே இருப்பவர் பட்டதாரி. பக்கத்தில் நிற்கும் பெண்ணும் பட்டதாரி. குரோம்பேட்டை, பல்லாவரம் வருவதற்குள் இன்னும் பலர் ஏறிவிடுவார்கள்.

சட்டசபைக்கு இவர்கள் ஓட்டுப் போடுகிறார்கள். பாராளுமன்றத்துக்கும் மாநகராட்சிக்கும் போடுகிறார்கள். இவை தவிர இன்னொரு ஓட்டும் உண்டு. அது அவர்கள் படித்த பல்கலைக்கழகத்தில் இருக்கிறது. எத்தனை பேருக்கு இது தெரியும்?

செனட் என்பது என்ன?

பல்கலைக்கழகத்தைத் துணைவேந்தர் ஒருவரே நடத்திவிடுவது இல்லை. 'செனட்', 'சிண்டிகேட்' என்று சபைகள் இருக்கின்றன. சங்கத்துக்குப் பொதுக்குழு எப்படியோ, அப்படி செனட். நிர்வாகக் கமிட்டி எப்படியோ, அப்படி சிண்டிகேட்.

சென்னைப் பல்கலைக்கழகத்துக்கு 1923-ம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. செனட்டில் பட்டதாரிகளின் பிரதிநிதிகளுக்கும் அது இடம் கொடுத்தது. ஆனால் பட்டம் வாங்கினால் மட்டும் ஓட்டு வந்துவிடாது. பதிவேட்டில் பெயர் ஏறவேண்டும்.

தாம்பரம் கிறிஸ்தவக் கல்லூரியில் படித்தவர்கள் பட்டம் வாங்குவது இந்தப் பல்கலைக்கழகத்தில்தான். (ஒரு வேடிக்கை: கல்லூரி தோன்றியது 1837-ல், பல்கலைக்கழகம் தோன்றியது 1857-ல். பிள்ளைதான் தாயைவிட மூத்தது!)

பரீட்சை முடிவு தாமதமானால், கட்டணம் ஏறினால், கணக்கில் குழப்பம் வந்தால், சபையில் எழுந்து கேட்க ஒரு ஆள் வேண்டும். பிள்ளையைக் கல்லூரிக்கு அனுப்பும் பெற்றோர் இந்தத் தேர்தலைக் கவனிக்க வேண்டியது இதனால்தான்.

தேர்தலில் தகராறு வந்தால்? ஒருவர் முறைப்படி மெம்பர் ஆனாரா என்ற கேள்வி வேந்தரிடம் போகும். அவர் சொல்வதே முடிவு என்கிறது சட்டம். வீட்டுச் சண்டைக்கு வீட்டுப் பெரியவரே நீதிபதி! அந்தத் தீர்ப்பில் திருப்தி இல்லாதவர்கள் ஐகோர்ட்டுக்கு 'ரிட்' மனுவோடு ஓடுகிறார்கள்.

ஆனால் தேர்தலே நடக்காவிட்டால்? அதுதான் பெரிய தகராறு. மும்பையில் நடந்ததைப் பார்ப்போம்.

நள்ளிரவு அறிவிப்பு

மும்பைப் பல்கலைக்கழக செனட்டில் பட்டதாரிகளுக்கு 10 இடங்கள். 2023 செப்டம்பரில் தேர்தல் நடக்க வேண்டும். ஆகஸ்டு மாதம் திடீரென்று தள்ளிவைத்தார்கள். ஓட்டர் பட்டியலில் கோளாறு என்று புகார் வந்திருந்தது.

ஓராண்டு போயிற்று. புதிய பட்டியலோடு 2024 செப்டம்பர் 22-ந் தேதி ஓட்டுப்பதிவு என்று குறித்தார்கள். இரண்டே நாள் இருக்கும்போது மறுபடியும் ஒத்திவைப்பு! இந்தத் தடவை அரசாங்கத்திடம் இருந்து வந்த கடிதம் காரணமாகச் சொல்லப்பட்டது. "தோல்விப் பயம்" என்றார்கள் எதிர்க்கட்சியினர்.

அவர்கள் பம்பாய் ஐகோர்ட்டுக்கு ஓடினார்கள். அன்று சனிக்கிழமை. என்றாலும் நீதிபதிகள் வழக்கை விசாரித்தார்கள். ஒத்திவைப்புக்குத் தடை விதித்து, தேர்தலை நடத்துங்கள் என்று உத்தரவு பிறந்தது. 24-ந் தேதி ஓட்டுப்பதிவு நடந்தது. 27-ந் தேதி ஓட்டு எண்ணினார்கள். 10 இடங்களையும் உத்தவ் தாக்கரே கட்சியின் இளைஞர் பிரிவான யுவசேனா பிடித்தது.

நாமக்கல் வழக்கு

"தேர்தல் நடுவே கோர்ட்டு தலையிடலாமா?" என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். இதற்கு விடை தந்த வழக்கு நம் நாமக்கல்லில் இருந்து போனது!

முதல் பொதுத் தேர்தலில் நாமக்கல் தொகுதியில் பொன்னுசாமி என்பவரின் மனு தள்ளுபடி ஆயிற்று. அவர் சுப்ரீம் கோர்ட்டு வரை போனார். 1952 ஜனவரியில் தீர்ப்பு வந்தது. தேர்தல் முடியட்டும், குறை இருந்தால் பிறகு தேர்தல் வழக்குப் போடலாம், நடுவில் தலையிட முடியாது என்று கோர்ட்டு சொல்லிவிட்டது.

அந்தத் தடை சட்டசபை, பாராளுமன்றத் தேர்தல்களுக்கு அரசியல் சட்டம் போட்ட தடை. பல்கலைக்கழகத்தை அது கட்டாது. இன்னொன்றும் கவனிக்க வேண்டும். நாமக்கல் வழக்கில் தேர்தல் நிற்கக் கூடாது என்று கோர்ட்டு ஒதுங்கி நின்றது. மும்பையிலோ தேர்தல் நிற்கக் கூடாது என்றே குறுக்கே வந்தது. வழிதான் வேறு.

மும்பை வழக்கில் ஒரு வாரம் கழித்துத் தீர்ப்பு வந்திருந்தால், ஓட்டுச்சாவடிக்குக் குறித்த நாள் போயிருக்கும். மறுபடியும் தேதி, மறுபடியும் பட்டியல் என்று இழுத்துக்கொண்டே போயிருக்கும்.

சண்டிகரில்...

சண்டிகரில் உள்ள பஞ்சாப் பல்கலைக்கழகத்தில் அப்படித்தான் இழுத்தது. பழைய செனட்டின் காலம் 2024 அக்டோபர் 31-ந் தேதியோடு முடிந்தது. புதிய தேர்தல் இல்லை. ஓராண்டு கழித்து மத்திய அரசாங்கம் ஒரு உத்தரவு போட்டது. செனட்டில் 91 பேருக்குப் பதில் 31 பேர் போதும். பட்டதாரிகள் தொகுதியே வேண்டாம் என்றது அந்த உத்தரவு.

மாணவர்கள் கொதித்து எழுந்தார்கள். பல்கலைக்கழக வாசலில் போராட்டம் நடந்தது. 2025 நவம்பர் 7-ந் தேதி உத்தரவு வாபஸ் ஆயிற்று. அப்போதும் மாணவர்கள் கலைந்து போகவில்லை. "தேர்தல் தேதியைச் சொல்லுங்கள்" என்று உட்கார்ந்துவிட்டார்கள். அந்த மாதக் கடைசியில் தேதி வந்தது: 2026 செப்டம்பர், அக்டோபர்.