தாச்சியையும் கத்தியையும் கற்போம், போத்தலை விட்டுவிடுவோம்



வியாபார நோக்கில் சீனாவின் குவாங்ஜோ, யீவூ போன்ற நகரங்களுக்குப் போய்வரும் நம்மவர்களில் சிலர் மனைவியரையும் உடன் அழைத்துச் செல்கின்றனர். பிரயாணிகளுக்கென்றே சீன நகரங்கள் பலவற்றில் சமையல் வகுப்புகள் நடக்கின்றன. காலையில் சந்தைக்குக் கூட்டிச் சென்று மரக்கறி, மீன், மசாலா வகைகளைக் காட்டுவார்கள். பின்னர் ஆளுக்கொரு பலகை, ஆளுக்கொரு கத்தி, ஆளுக்கொரு அடுப்பு. மூன்று நான்கு கறிகளை நம் கையாலேயே சமைக்கவைத்து, சமைத்ததை உட்கார்ந்து உண்ணவும் செய்வார்கள். "இப்படியான வகுப்பில் நாமும் சேரலாமா? சேர்ந்தால் எதைக் கவனிக்க வேண்டும்?" என்று சகோதரிகள் கேட்கின்றனர். இம்மாதம் அதைப் பற்றியே பேசுவோம்.

கைத்தொழில் ஒன்றைக் கற்பதை மார்க்கம் தடுக்கவில்லை. பிற சமூகத்தவரிடமிருந்து பயனுள்ளதைக் கற்பதற்கும் தடையில்லை. ஹிஜாபும் மற்ற ஒழுங்குகளும் பேணப்பட வேண்டும் என்பது நீங்கள் அறிந்ததே. ஆனால் இது கேட்டு எழுதும் வகுப்பல்ல. தொட்டு, வெட்டி, ருசி பார்த்து, கடைசியில் உண்ணும் வகுப்பு. ஆகவே கட்டணம் செலுத்துவதற்கு முன்பே மூன்று விடயங்களைக் கேட்டுத் தெளிவு பெற வேண்டும்.

கேட்க வேண்டிய மூன்று

முதலாவது, இறைச்சி. "எங்கள் வகுப்பில் பன்றி இல்லை, கோழி மட்டும்தான்" என்று சொன்னதும் நம்மில் பலர் நிம்மதி அடைந்துவிடுகின்றனர். பொதுச் சந்தையில் வாங்கிய கோழி முறைப்படி அறுக்கப்பட்டதல்ல. பன்றி இல்லை என்பதால் மட்டும் அது ஹலாலாகிவிடாது. மீன், முட்டை, சோயாக்கட்டி, மரக்கறி என்பவற்றில் இந்தச் சிக்கல் இல்லை.

இரண்டாவது, மது. சீனச் சமையலில் அரிசி மது ஒரு சாதாரண சாமான். ஷாவ்சிங் என்ற ஊரின் பெயரால் வழங்கும் மதுவில் சுமார் 15 சதவீதம் அல்கஹோல் உண்டு. இறைச்சியையும் மீனையும் ஊறவைக்கும்போதே அதில் ஒரு கரண்டி ஊற்றிவிடுவார்கள். "சமையல் மது" என்று உப்புச் சேர்த்து விற்கப்படும் போத்தலும் மதுவே. யாங்ஷுவோ என்னும் சுற்றுலா ஊரில் பேர்பெற்ற கறி, பியர் ஊற்றிச் சமைக்கும் மீன். மீன் ஹலால்தான், அந்தக் கறி ஹலாலல்ல.

மூன்றாவது, பாத்திரம். பன்றிக் கொழுப்பில் வதக்கிய தாச்சியும், பன்றி இறைச்சி வெட்டிய மரப்பலகையும் நம் கைக்கு வரலாம். ஷாபிஈ மத்ஹபின்படி அவற்றை ஏழு தடவை, அதில் ஒரு தடவை மண் கலந்த நீரால், கழுவியே சுத்தம் செய்ய வேண்டும். எந்த வகுப்பிலும் நமக்காக அதைச் செய்துகொண்டிருக்க மாட்டார்கள். எனவே கறியைத் தேர்வதற்கு முன்னர் சமையலறையைத் தேர்ந்துகொள்ளுங்கள்.

இங்கே பாஷை பற்றியும் ஒரு வார்த்தை. சீன மொழியில் இறைச்சிக்கு "ரோ" என்பார்கள். எந்த இறைச்சி என்று குறிப்பிடாமல் வெறுமனே "ரோ" என்றால், பெரும்பாலும் பன்றி இறைச்சி என்றே பொருள்படும். மாட்டிறைச்சி "நியூரோ". ஆட்டிறைச்சி "யாங்ரோ". கோழி "ஜீரோ", பன்றி "ஜூரோ". கடைசி இரண்டையும் வாயால் சொல்லிப் பாருங்கள். நம் செவிக்கு எவ்வளவு நெருக்கம்! ஆகவே வாய்ப்பேச்சை மட்டும் நம்பாமல், தேவையானதையும் தேவையில்லாததையும் தெரிந்த ஒருவரிடம் சீன எழுத்தில் எழுதி வாங்கிக் கைப்பையில் வைத்துக்கொள்வது புத்திசாலித்தனம்.

தூயது, உண்மையானது

இவ்வளவும் படித்தபின், "அப்படியானால் சீனச் சமையலே நமக்கு வேண்டாம்" என்று சொல்லத் தோன்றும். அது அவசர முடிவு. சீனாவிலேயே ஹுய் என்ற முஸ்லிம் சமூகத்தினர் 1 கோடிக்கும் அதிகமாக வாழ்கின்றனர். அவர்கள் பேசுவது சீன மொழி. சமைப்பது சீனச் சமையல். அதில் பன்றியும் இல்லை, மதுவும் இல்லை. கலீபா உஸ்மான் (ரழி) அவர்களின் காலத்தில், 651ஆம் ஆண்டில், அரபுத் தூது ஒன்று தாங் அரசவைக்கு வந்ததாகச் சீன வரலாற்றேடுகள் குறிப்பிடுகின்றன. அன்று தொடங்கிய உறவு அது. 1911இல் காலியில் கண்டெடுக்கப்பட்டு இன்று கொழும்பு நூதனசாலையில் இருக்கும் மும்மொழிக் கல்வெட்டு நினைவிருக்கிறதா? சீனம், தமிழ், பாரசீகம் ஆகிய மூன்று மொழிகளில் 1409ஆம் ஆண்டுத் திகதியிட்ட அந்தக் கல்லை நம் தீவுக்குக் கொண்டுவந்த கடற்படைத் தளபதி ஜெங் ஹ, யுன்னானில் ஒரு முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தவர்.

இவர்களுடைய உணவுக்குச் சீன மொழியில் "சிங்ஜென்" என்று பெயர். "தூயது", "உண்மையானது" என்ற இரு எழுத்துகள் சேர்ந்த சொல் அது. பள்ளிவாசலையும் அதே சொல்லால்தான் குறிக்கிறார்கள். 2019இல் பெய்ஜிங் முதலான இடங்களில் உணவகப் பலகைகளிலிருந்து அரபு எழுத்துகள் அகற்றப்பட்டன. ஆகவே "ஹலால்" என்ற அரபு எழுத்தை மட்டும் தேடி நடந்தால் ஏமாறக்கூடும். அந்த இரு சீன எழுத்துகளின் வடிவத்தைப் புறப்படும் முன்பே மனதில் பதித்துக்கொள்ளுங்கள். அதன்பின் உள்ளே சென்று ஸலாம் சொல்லுங்கள். வேறு மொழி தெரியாவிட்டாலும் ஸலாம் புரியும்.

எங்கே கற்பது? சியான் நகரில் முரசுக் கோபுரத்துக்கு அப்பால் முஸ்லிம்களின் பழைய குடியிருப்பு இருக்கிறது. அதனுள்ளே சீனப் பாணிக் கூரைகளோடு பெரிய பள்ளிவாசல் நிற்கிறது. அங்குள்ள "யாங்ரோ பாவ்மோ" என்ற உணவே ஒரு சிறிய கைவேலை வகுப்புத்தான். கெட்டியான ரொட்டியையும் வெறுங் கோப்பையையும் நம் முன்னே வைப்பார்கள். ரொட்டியைச் சோயா விதை அளவுக்கு நாமே பிய்த்துப் போட வேண்டும். கோப்பை மீண்டும் குசினிக்குப் போய், ஆட்டிறைச்சிச் சூப்போடு வரும். துண்டு பெரிதானால் உள்ளே சாறு இறங்காது. பொறுமையில்லாதவருக்கு ருசியும் இல்லை.

கான்சு மாகாணத்தில், மஞ்சள் ஆற்றங்கரையில் உள்ள லான்ஜோ நகரம் கையால் இழுக்கும் மாட்டிறைச்சி நூடில்ஸுக்குப் பேர்பெற்றது. 1915ஆம் ஆண்டளவில் அதற்குப் புகழ் தேடித்தந்தவர் மா பாவ்சி என்ற ஹுய் முஸ்லிம் என்பது அந்நகரத்தாரின் வழக்கு. நல்ல கோப்பைக்கு அவர்கள் ஐந்து அடையாளம் சொல்வார்கள்: தெளிந்த சூப், வெள்ளை முள்ளங்கி, சிவந்த மிளகாய் எண்ணெய், பச்சைக் கொத்தமல்லியும் உள்ளித்தாளும், மஞ்சள் நிற நூடில்ஸ். இந்தக் கைத்திறன் 2021இல் சீனாவின் தேசிய மரபுரிமைப் பட்டியலில் சேர்க்கப்பட்டது. இதைக் கற்பிக்கவென்றே லான்ஜோவில் பயிற்சிக்கூடங்கள் உள்ளன.

மாவை நீளமாக உருட்டி, இரு முனையையும் பிடித்து இழுத்து, மடித்து, மீண்டும் இழுக்கிறார்கள். ஒவ்வொரு மடிப்பிலும் இழைகள் இரட்டிக்கும். எட்டாவது முறையில் 256 இழைகள்! புதிதாகக் கற்பவருக்கு நான்கு மடிப்பில் 16 இழை வந்தாலே பெரிது. அந்தக் கடைகளில் மா இழுப்போர் பெரும்பாலும் ஆண்கள். ஆகவே சகோதரிகளே, ஒரு நாள் சரக்குப் பார்ப்பதை நிறுத்திவிட்டுக் கணவரையும் அழைத்துச் சென்று மாவை அவர் கையில் கொடுங்கள். வீட்டு வேலையில் துணைவியருக்கு உதவியது நம் நபி (ஸல்) அவர்களின் வழக்கம் அல்லவா?

முஸ்லிம் சமையலறை கிடைக்காத ஊரில், பௌத்த மரக்கறி உணவகம் நடத்தும் வகுப்பு இருக்கிறதா என்று விசாரியுங்கள். அவர்களின் முறைப்படியான சமையலில் இறைச்சியும் மதுவும் கிடையாது. வெங்காயமும் உள்ளியும்கூட இருக்காது. மது பற்றி அங்கும் ஒருமுறை கேட்டுவிடுங்கள்.

எதைக் கற்று வருவது?

பலர் குறிப்புப் புத்தகத்தை நிரப்பிக்கொண்டு வருகின்றனர். சமையற் குறிப்பு எங்கும் கிடைக்கும். பக்கத்தில் ஒருவர் நின்று திருத்தினால் மட்டுமே கைக்கு வருபவை சில உண்டு. அவற்றுக்குத்தான் நாம் பணம் கொடுக்கிறோம்.

ஒன்று, கத்தி. அந்த அகலமான கத்தியைப் பிடியில் மட்டும் பிடிக்காமல், பெருவிரலும் சுட்டுவிரலும் அலகைத் தொடும்படி பிடிப்பார்கள். மற்றக் கையின் விரல் நுனிகளை உள்ளே மடக்கி, மொளிகளால் அலகுக்கு வழிகாட்டுவார்கள். விரலும் தப்பும், துண்டுகளும் ஒரே அளவாக விழும். மாட்டிறைச்சியை அதன் நாருக்குக் குறுக்கே மெல்லியதாக வெட்டுவதும் அங்கேதான் கைக்குப் படியும்.

இரண்டு, ஊறவைத்தல். வெட்டிய இறைச்சியில் சிறிது கோன்பிளவர், முட்டை வெள்ளை, சோயா சோஸ், கடைசியில் கொஞ்சம் எண்ணெய் சேர்த்துப் பிசைந்து வைத்தால், கடும் சூட்டிலும் இறைச்சி மிருதுவாக இருக்கும்.

மூன்று, சூடு. அடுப்பை மூட்டுமுன் எல்லாம் வெட்டி, அளந்து, வரிசையாக இருக்க வேண்டும். வெறும் தாச்சி நன்கு காய்ந்த பிறகே எண்ணெய் விட வேண்டும். நம் வீட்டு காஸ் அடுப்பு அவர்களுடைய அடுப்பளவு எரியாது. ஆகவே ஐந்து பேருக்கானதை ஒரே தடவையில் கொட்டாமல், இரண்டு மூன்று தடவையாக வதக்குங்கள். ஒரேயடியாகப் போட்டால் கோவாவும் கரட்டும் வதங்காமல் தண்ணீர் விட்டு அவிந்துவிடும். பிரைட் ரைஸுக்கு ஆறிய சோறே ஏற்றது.

"எல்லாம் சரி, அந்த மது இல்லாமல் உண்மையான ருசி வராதே" என்று பயிற்றுநர் சொல்லலாம். நாளை நம் பிள்ளைகளும் அதையே சொல்லக்கூடும். "சூட்டில் எல்லாம் ஆவியாகிவிடும்" என்பது அடுத்த சமாதானம். அமெரிக்க விவசாயத் திணைக்களத்தின் அட்டவணைப்படி, உணவில் கலந்து 15 நிமிடம் கொதித்த பின்னும் அல்கஹோலில் சுமார் 40 சதவீதம் எஞ்சுகிறது. இரண்டரை மணி நேரத்துக்குப் பின்னும் 5 சதவீதம் இருக்கிறது. சீனத் தாச்சியில் கறி இருப்பதோ சில நிமிடங்கள்தான். அது எப்படியிருந்தாலும், மது நஜீஸ் என்பதே நம் இமாம்களின் தீர்ப்பு. அது விழுந்த உணவை ஆவிக் கணக்குப் பார்த்து ஹலாலாக்க முடியாது.

அந்த மது அங்கே செய்யும் வேலையில் முக்கியமானது, இறைச்சியின் வெடுக்கை நீக்குவது. ஹுய் சமையலாளர்கள் அதே வேலைக்கு இஞ்சியையும் வெங்காயத்தாளையும் தட்டி நீரில் ஊறவைத்து, அந்த நீரைச் சேர்க்கின்றனர். இறைச்சியை முதலில் குளிர்ந்த நீரில் ஊறவைத்து இரத்தத்தைப் போக்குகின்றனர். சூப் கொதிக்கும்போது மேலே வரும் நுரையை அள்ளி எறிகின்றனர். கறுவாவும் பெருஞ்சீரகமும் நட்சத்திரச் சோம்பும் மீதியைப் பார்த்துக்கொள்ளும். இவற்றில் எது நம் கடைகளில் இல்லாதது? தலைமுறை தலைமுறையாக அந்தப் போத்தலைத் தொடாமல் சமைத்த ஒரு சமூகத்தின் கோப்பையைத் தேடி, முஸ்லிமல்லாத சீனர்களும் காலையிலேயே கடைக்கு வருகிறார்கள். "ருசி வராது" என்ற வாதத்துக்கு இதைவிட வேறு பதில் தேவையில்லை.

கடைசியாக ஒன்று. வேண்டாம் என்பதை எப்படிச் சொல்கிறோம் என்பதும் மார்க்கம்தான். முகத்தைச் சுளித்து, மூக்கைப் பொத்தி, அவர்களின் உணவை இழிவாகப் பேசுவது அழகல்ல. வகுப்பின் நடுவில், தட்டு முன்னால் வந்தபின் மறுப்பதும் சங்கடம். அவர்களுக்கும் மன வருத்தம்; நமக்கும் கூச்சம். அந்தக் கூச்சத்தில்தான் "ஒரு வாய்தானே" என்று பலர் வழுக்குகின்றனர். பதிவு செய்யும்போதே, "நாங்கள் முஸ்லிம்கள், இவை எங்களுக்கு ஆகாது, வேறு ஏற்பாடு செய்ய முடியுமா?" என்று புன்னகையோடு கேட்டுவிடுங்கள். முடியும் என்றால் நல்லது. முடியாது என்றால் நன்றி சொல்லி, அடுத்த கதவைத் தட்டுங்கள். கேட்கத் தெரிந்த பெண் எந்த ஊரிலும் பசியோடு இருக்க மாட்டாள், இன்ஷா அல்லாஹ்.

நம் கைகளுக்குத் திறமையையும், நம் அடுப்புகளுக்குப் பரகத்தையும், நம் பிள்ளைகளின் வயிற்றுக்கு ஹலாலையும் அல்லாஹ் தந்தருள்வானாக. வஸ்ஸலாம்.